நீர்விரும்பிப் பட்டையும் விடுபட்ட வரியும்

1

முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடலாம். இந்தக் கதை மழையைப் பார்த்தோ யாரையாவது நினைத்து உருகியோ பிறந்ததல்ல. ஒரு சதுர அடைப்புக்குறியிலிருந்து பிறந்தது. அதற்குள் ஒரே ஒரு வரி, ஒரு சிறு கோடு, கோட்டுக்குப் பின்னால் "தமிழ்ச் சொல் பிறகு" என்று ஒரு குறிப்பு. அவ்வளவுதான். அதை அங்கே போட்டவள் யும்னா. இதை எழுதிக்கொண்டிருப்பவளும் அவளே.

பிறகு எதற்கு யும்னா, "நான்" என்றே எழுத வேண்டியதுதானே என்பீர்கள். எழுதிப் பார்த்தாள். இரண்டு பக்கம் போவதற்குள் அந்த "நான்" தனக்கே வக்கீலாகிவிட்டது. வேலைப் பளு, கெடு, தலைவலி என்று ஒவ்வொரு சாட்சியாகக் கூண்டில் ஏற்றியது. படித்துப் பார்த்தால் அவளுக்கே தன் மேல் இரக்கம் வந்தது. இது ஆகாது என்று அந்தப் பக்கங்களை மூடிவிட்டு, இப்போது மூன்றாம் ஆளாக நின்று எழுதுகிறாள். யும்னாவை யும்னா திட்டுவதற்கு இதுதான் வசதி.

இன்னொரு நிபந்தனையும் உண்டு. இந்தக் கதையில் எந்த அடைப்புக்குறியும் நீக்கப்படாது. பாதியில் நின்ற வாக்கியம் பாதியிலேயே நிற்கும், சந்தேகம் வந்த இடத்தில் சந்தேகம் கிடக்கும். பார்க்க அழகாக இருக்காது, பொறுத்துக்கொள்ளுங்கள். காரணம் ஐந்தாம் பகுதியில் இருக்கிறது.

2

தொடக்கங்கள்.

"காலை ஆறே முக்காலுக்கு மருதப்பன் ஈரச் சாக்கை விலக்கியபோது..." [நல்ல தொடக்கம்தான். ஆனால் என்ன சாக்கு, யார் மருதப்பன் என்று உங்களுக்கு எப்படித் தெரியும்? நான்காம் பகுதிக்குத் தள்ளப்பட்டது.]

"ஹைட்ரோஃபிலிக் என்னும் சொல் இரண்டு கிரேக்கச் சொற்களின்..." [தம்பி உமைரிடம் வாசித்துக் காட்டினாள். கிரேக்கம் என்றதுமே அவன் போனை எடுத்துவிட்டான்.]

"மொழி என்பது..." [இப்படித் தொடங்கிய எதுவும் உருப்பட்டதில்லை.]

சரி, நேராகவே சொல்லிவிடலாம். யும்னாவுக்கு நாற்பத்தாறு வயது. சிங்கப்பூரில், புக்கிட் பாத்தோக்கில் பதினோராவது மாடி வீட்டில், சமையலறையை ஒட்டிப் போட்ட மேசையில் உட்கார்ந்து ஆங்கிலத்தைத் தமிழாக்குவது அவள் தொழில். கட்டுமான நிறுவனங்களுக்கு வேலை அட்டைகள் செய்து கொடுக்கிறாள். உள்ளங்கை அளவு அட்டை, மேலே பிளாஸ்டிக் உறை. தமிழ்நாட்டிலிருந்து வந்து சைட்டில் வேலை செய்கிறவர்கள் சட்டைப்பையில் வைத்துக்கொள்வார்கள். சாரத்தில் ஏறும்முன் எதைப் பார்க்க வேண்டும், குழிக்குள் இறங்கும்முன் யாரிடம் சொல்ல வேண்டும் என்று ஒவ்வொரு வேலைக்கும் ஏழெட்டுப் படிகள். இதுவரை அறுபதுக்கு மேல் செய்திருக்கிறாள். அதில் அவளுக்குக் கொஞ்சம் கர்வமும் உண்டு. நல்ல தமிழ் பள்ளிக்கூடத்துக்கும் மேடைக்கும் மட்டும்தானா, சிமெண்டுக் கையோடு அட்டையைத் தொடுகிறவருக்கு வேண்டாமா என்று கேட்பாள். யாரும் வேண்டாமென்று சொல்லாதபோதும் கேட்பாள்.

[இந்தக் கர்வத்தை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.]

3

ஹைட்ரோஃபிலிக். தண்ணீரின் மேல் நாட்டம் கொண்டது என்று பொருள். தண்ணீர் பட்டால் முத்து முத்தாக உருட்டிவிடாமல் தன் மேல் படரவிடுவது, உள்ளே ஏற்பது, சில பொருட்களில் குடித்து உப்புவது. நிலத்தடிச் சுவர் வார்ப்பதற்கான அட்டையில்தான் யும்னா இந்தச் சொல்லை முதலில் சந்தித்தாள். அதன் பிறகு திரும்பிய பக்கமெல்லாம் அதுவே நின்றது.

ஜாலான் புசாரில் கண்ணாடிக் கடையில் வேலை செய்யும் தோழி அனம் கான்டாக்ட் லென்ஸ் பெட்டி ஒன்றைக் காட்டினாள். பொடி எழுத்தில் அதே சொல். கண்ணீரைத் தன் மேல் படரவிடுகிற லென்ஸ் என்பதால்தான் கண் உறுத்துவதில்லையாம். மருத்துவமனையில் உடம்புக்குள் செலுத்தும் சில குழாய்களின் மேல்பூச்சும் அப்படியே; நனைத்தால் வழுக்கிக்கொண்டு போகும், நோயாளிக்கு வலி குறையும். தண்ணீரைச் சுத்திகரிக்கும் சவ்வுகளில் இந்தக் குணம் இருந்தால் அழுக்கு சுலபமாக ஒட்டாது. சோப்புக்கோ ஒரு முனை தண்ணீரை விரும்பும், மறு முனை வெறுக்கும். அந்த இழுபறியில்தான் நம் சட்டை வெளுக்கிறது. யும்னாவுக்கு இந்தச் சொல்லின் மேல் ஒரு பிரியமே வந்துவிட்டது. இத்தனை இடத்தில் இவ்வளவு அமைதியாக வேலை செய்கிற சொல்லை அவள் பார்த்ததில்லை.*

* உப்பு டப்பாவில் உப்பு கட்டிப்போவது இதன் பங்காளி, இதுவே அல்ல. காற்றிலிருந்து ஈரத்தை இழுக்கும் குணத்துக்கு ஆங்கிலத்தில் வேறு சொல் இருக்கிறது. எதிர்ச்சொல்லான நீர்வெறுப்பைத் தேடினால் நாய்க்கடியில் போய் நிற்கும். முன்பு வெறிநாய்க்கடி நோய்க்கு அப்படித்தான் பெயர்.

உமைருக்கு ஜாலான் புசாரில் வன்பொருள் கடை. குழாய், பசை, பூட்டு, ஆணி என்று எல்லாம் இருக்கும்.

"லாத்தா, அந்த வார்த்தைய அகராதியில என்னத்துக்குத் தேடுற? இங்க வா. மீட்டர் மீட்டரா விக்கிறேன்," என்றான். அக்காவை லாத்தா என்றுதான் கூப்பிடுவான்.

விரல் நீளத்துக்கு ஒரு துண்டு வெட்டிக் கொடுத்தான். கறுப்பாக, ரப்பர் போல, சுண்டுவிரல் தடிமனில் ஒரு பட்டை.

"தண்ணியில போட்டு வை. மூணு நாள் கழிச்சுப் பாரு. சொன்னா நம்ப மாட்டே லா."

மேசையில் இருந்த கண்ணாடி டம்ளரில் போட்டாள். மூன்றாம் நாள் அது இரண்டு மடங்குக்கு மேல் உப்பி, டம்ளரின் அடியில் இறுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தது. கவிழ்த்தாள். தண்ணீர் கொட்டியது, பட்டை விழவில்லை. சமையலறையில் நின்றபடி யும்னா அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். தாரும் பிளாஸ்டிக் விரிப்பும் தண்ணீரை விரட்டும்; விரட்டப்பட்ட தண்ணீர் ஓரமாக ஒரு சந்து தேடி உள்ளே வந்துவிடும். இதுவோ தண்ணீரை வா என்று அழைத்து, குடித்து, குடித்த உடம்பாலேயே வழியை அடைத்துவிடுகிறது. தண்ணீரை நிறுத்துவதற்குத் தண்ணீரை விரும்புகிற ஒன்றை வைக்கலாம் என்று முதலில் யோசித்தவர் யாரோ, அவருக்கு மனதுக்குள் ஒரு சலாம் வைத்தாள்.

இப்பேர்ப்பட்ட பொருளுக்கு ஏனோதானோ என்று ஒரு சொல்லைப் போட முடியுமா? நீர்விரும்பி: பாடநூல்களில் புழங்கும் சொல்தான், ஆனால் அவளுக்குக் குளத்தை விட்டு ஏறாத எருமை ஞாபகம் வந்தது. நீர்நாட்டமுள்ள: அழகு, ஆனால் வாயில் நீளுகிறது. நீர்கவர்: கச்சிதம், ஆனால் சைட்டில் கவர் என்றால் பிளாஸ்டிக் பை. தண்ணி குடிக்கும் பட்டை: உமைர் சொன்னது. சரியாகவே இருந்தது. அதனாலேயே யும்னாவுக்குப் பிடிக்கவில்லை.

சொல் முடிவாகவில்லை. அட்டை கொடுக்க வேண்டிய நாள் வந்தது. கொடுத்துவிட்டாள்.

4

இனி மருதப்பன். இவரை எழுதுவதில் ஒரு சிக்கல் இருக்கிறது. நடந்ததை நடந்தபடி எழுதினால் நீங்கள் நம்ப மாட்டீர்கள், இப்படியெல்லாம் ஒரு மனிதர் இருப்பாரா என்பீர்கள். அதனால் யும்னா அவருக்கு ஒரு குறை தேடினாள். "சீட்டாட்டத்தில் ஏமாற்றுவார்" என்று எழுதி, பொய் என்பதால் அடித்தாள். கடைசியில் தொழிலாளர் விடுதியில், அவர்கள் டார்ம் என்பதில், அவருடன் தங்கியிருப்பவரிடம் விசாரித்ததில் ஒன்று கிடைத்தது. யாராவது புத்தி சொன்னால் மூன்று நாளைக்குப் பேச மாட்டார். அதை வைத்துக்கொள்வோம்.

வயது நாற்பத்து மூன்று. ஊர் பேராவூரணிப் பக்கம். சிங்கப்பூருக்கு வந்து பதினைந்து வருஷமாகக் காங்கிரீட் வேலை. இப்போதிருக்கும் கம்பெனிக்கு மாறி நான்கு மாதம்தான் ஆகிறது. இந்த மாதம் முப்பதாம் தேதியோடு வேலை பெர்மிட் முடிகிறது. கம்பெனி ரினியூ செய்தால் இன்னும் இரண்டு வருஷம் இருக்கலாம், மகளின் நர்சிங் படிப்பு முடிந்துவிடும். செய்யாவிட்டால் திருச்சிக்கு விமானம்.

இடம் தஞ்சோங் பகார் பக்கம் எழும்பும் ஒரு கட்டடம். பெயர் வேண்டாம். தரைக்குக் கீழே மூன்று தளம். கடல் கிட்டத்திலேயே இருப்பதால் சுற்றியுள்ள மண்ணில் எப்போதும் தண்ணீர் நிற்கும். இப்படிப்பட்ட இடத்தில் முதலில் தரையை வார்ப்பார்கள், அது இறுகியபின் அதன் மேல் சுவரை வார்ப்பார்கள். இரண்டும் சேரும் கோட்டில்தான் தண்ணீர் கசியும். அந்தக் கோடு நெடுகப் பட்டையை ஒட்டி, மேலே சுவரை வார்த்து மூடிவிடுவார்கள். பின்னால் என்றைக்காவது தண்ணீர் உள்ளே வரப் பார்த்தால் பட்டை உப்பி அடைத்துக்கொள்ளும். ஒரே ஒரு நிபந்தனை, சுவருக்குள் மூடப்படும்வரை அது காய்ந்திருக்க வேண்டும். முன்னதாகவே குடித்து உப்பிவிட்ட பட்டை தேவைப்படும் நாளில் கைகொடுக்காது.

காங்கிரீட் வேலைக்காரர்களின் கைப்பழக்கமோ இதற்கு நேர் எதிர். புதுக் காங்கிரீட் ஊற்றும்முன் பழையதை நன்றாக நனைப்பார்கள். நனைக்காவிட்டால் பழையது புதியதின் ஈரத்தை இழுத்துக்கொண்டு இரண்டுக்கும் உள்ள பிடிப்பு கெட்டுவிடும். முதல் நாள் சாயங்காலமே தண்ணீர் அடித்து, ஈரச் சாக்கு போர்த்தி வைப்பதுதான் நல்ல வேலைக்காரனுக்கு அடையாளம். மருதப்பன் பதினைந்து வருஷமாகச் செய்வது அதுதான். இந்தச் சைட்டில் பட்டையை ஒட்டியது வேறொரு குழு. மருதப்பன் இதுவரை வார்த்த சுவர்களில் இப்படியொரு பட்டை இருந்ததில்லை. அட்டையை எடுத்துப் பார்த்தார். நான்காம் படி: பழைய காங்கிரீட்டை நன்றாக நனைக்கவும். நனைத்தார், சாக்கைப் போர்த்தினார், போனார்.

[அட்டையைப் பார்த்தார் என்பது யும்னாவின் ஊகம். ஆறாம் பகுதியில் அவர் இதை மறுக்கப் போகிறார்.]

காலை ஆறே முக்காலுக்கு மருதப்பன் ஈரச் சாக்கை விலக்கியபோது, சுண்டுவிரல் தடிமனில் இருந்த பட்டை பாயசத்தில் ஊறிய சேமியா மாதிரி உப்பிக் கிடந்தது. சில இடங்களில் பசையை விட்டு நெளிந்திருந்தது. கையால் தொட்டார், வழுக்கியது. இருபது மீட்டர் நீளமும் அப்படியே. இது என்ன பொருள், எதற்கு இருக்கிறது என்று அந்த நிமிஷமே அவருக்குப் புரிந்துவிட்டது. சாக்கை மறுபடியும் போர்த்திவிட்டு உட்கார்ந்தார்.

வேறு யாரும் பார்க்கவில்லை. எட்டு மணிக்குப் பலகை அடைத்துவிட்டால் உள்ளே இருப்பது தெரியாது. ஒன்பது மணிக்கு காங்கிரீட் லாரி வரும். தண்ணீர் கசிய வருஷங்கள் ஆகலாம், அப்போது இந்தக் கம்பெனியே வேறெங்கோ இருக்கும். முப்பதாம் தேதிக்கோ மூன்றே வாரம். இதையெல்லாம் அவர் நினைத்தார் என்று அவரே சொன்னார். நினைக்கவில்லை என்று சொல்லியிருந்தால் யும்னா நம்பியிருக்க மாட்டாள்.

ஏழரைக்கு சைட் எஞ்சினியர் அர்ஜுன் கையில் டேப்லெட்டோடு வந்தார். இங்கேயே பிறந்து வளர்ந்தவர், வேலைக்குச் சேர்ந்து இரண்டு வருஷம்.

"அண்ணே, எல்லாம் ரெடியா? சைன் பண்ணிடலாமா?"

"பண்ணாதீங்க சார்," என்று மருதப்பன் சாக்கைத் தூக்கினார். "நான்தான் தண்ணி அடிச்சேன். பட்டை முழுசும் ஊறிப்போச்சு. உரிச்செடுத்துக் காய வெச்சுப் புதுசு ஒட்டணும். ரெண்டு நாள் ஆவும்."

அர்ஜுன் குனிந்து பார்த்தார். "மூணு லாரி வந்துட்டிருக்கு லா. மேனேஜர் என்ன சொல்லுவாருன்னு தெரியும்ல?" பிறகு குரலைத் தாழ்த்தினார். "காஞ்சா சுருங்கிடும்தானே? உள்ள போயிட்டா யாருக்குத் தெரியப்போவுது?"

"தண்ணிக்குத் தெரியும் சார்."

[அடிக்கப்பட்டது. இது யும்னா செய்த வசனம். எழுதியபோது சிலிர்த்தது, அதனாலேயே சந்தேகம் வந்து அர்ஜுனிடம் கேட்டாள். "அப்படில்லாம் சொல்லல மேடம். 'எனக்குத் தெரியுமே சார்'னு மட்டும்தான் சொன்னாரு," என்றார்.]

"எனக்குத் தெரியுமே சார்."

யும்னா செய்ததைவிட இது எவ்வளவோ மேல். அவள் தண்ணீரைச் சாட்சிக்கு இழுத்தாள். அந்த மனிதருக்கு அதெல்லாம் தேவைப்படவில்லை.

அர்ஜுனையும் பாராட்ட வேண்டும். அவர் கையெழுத்துப் போடவில்லை. படம் எடுத்தார், போன் செய்தார், லாரிகளைத் திருப்பி அனுப்பினார். இருபது மீட்டர் பட்டையையும் மருதப்பன் மண்டியிட்டு உட்கார்ந்து தன் கையாலேயே உரித்தார். பத்து மணிக்கு மேனேஜர் வந்து, எல்லோர் முன்னாலும், இவருடைய ரினியூவலை அப்புறம் பார்க்கலாம் என்று சொல்லிவிட்டுப் போனார்.

5

மூன்று நாள் கழித்து யும்னாவுக்கு ஒரு போன். அர்ஜுன் என்று ஒருவர் இருப்பதே அவளுக்கு அப்போதுதான் தெரியும்.

"மேடம், பேஸ்மென்ட் வால் கார்டு நீங்கதானே டிரான்ஸ்லேட் பண்ணீங்க? ஸ்டெப் ஃபோர்ல ஒரு லைன் சேர்க்கணும். பட்டை ஒட்டுன எடத்துல நனைக்கக் கூடாதுன்னு. சின்ன சேஞ்ச்தான்."

"அது இருக்குமே. இங்கிலீஷ்ல பாத்திருக்கேனே."

"இங்கிலீஷ்ல இருக்கு. தமிழ்லதான் இல்ல மேடம்."

கோப்பைத் திறந்தாள். அவளுடைய முதல் வரைவில் நான்காம் படி இப்படி இருந்தது.

4. பழைய காங்கிரீட்டை நன்றாக நனைக்கவும். [ஹைட்ரோஃபிலிக் பட்டை ஒட்டிய இடத்தில் நனைக்கக் கூடாது – தமிழ்ச் சொல் பிறகு]

சொல் கிடைத்ததும் அடைப்பை எடுத்துவிட்டு வரியை மட்டும் வைக்கலாம் என்று நினைத்திருந்தாள். சொல்லைத் தேடிக்கொண்டே இருந்தாள். அட்டையை அச்சுக்கு வடிவமைப்பவரிடம் அவள் எப்போதோ ஒரு விதி சொல்லி வைத்திருந்தாள். சதுர அடைப்புக்குள் இருப்பது எனக்கு நானே எழுதிக்கொண்ட குறிப்பு, அச்சில் வரக் கூடாது. அவர் சொன்னபடி செய்தார். அடைப்போடு சேர்ந்து வரியும் போயிற்று. அச்சுக்கு முந்தைய இறுதி வடிவம் சரிபார்ப்புக்கு வந்தபோது யும்னா எம்ஆர்டி ரயிலில் நின்றுகொண்டு, மறு கையில் அந்த டம்ளரின் படத்தை யாருக்கோ அனுப்பிக்கொண்டிருந்தாள். போனிலேயே பார்த்து, பிழை இல்லை என்று...

நான்தான் ஓகே போட்டேன்.

[திருத்தம்: யும்னாதான் ஓகே போட்டாள்.]

இப்போது தெரிகிறதா, இந்தக் கதையில் அடைப்புக்குறிகள் ஏன் அப்படியே இருக்கின்றன என்று? நல்ல சொல் கிடைக்கும்வரை இன்னொருவருக்குத் தேவையான வரியைப் பூட்டி வைத்தவள் இவள். இனி இவள் கையால் எந்த அடைப்பும் காணாமல் போகாது.

அர்ஜுன் போனை வைக்கும்முன் மருதப்பனைப் பற்றிச் சொன்னார். மேனேஜர் கேட்டபோது மருதப்பன் அட்டையைப் பற்றி வாயே திறக்கவில்லையாம், என் தப்பு சார் என்று மட்டும் சொன்னாராம். தப்பு அட்டையுடையது என்று அர்ஜுனுக்கும் தோன்றவில்லை போலும், அவர் அதைச் சின்ன மாற்றம் என்றுதான் நினைத்திருந்தார். யும்னா அவரிடம் மருதப்பனின் எண்ணை வாங்கிக்கொண்டாள்.

6

தமிழ்த் தொழிலாளர்கள் விடுமுறைக்குக் கூடும் தேக்கா ஞாயிற்றுக்கிழமை எப்படி இருக்குமென்று உங்களுக்குத் தெரிந்திருக்கும். தோளை இடிக்காமல் நடக்க முடியாது. டன்லப் தெருவில் ஒரு சாப்பாட்டுக் கடையில் மூலை மேசை கிடைத்தது. மருதப்பன் தேய்த்த சட்டை போட்டு, தலையைப் படிய வாரி வந்திருந்தார். இழுத்து ஆற்றிய பால் தேநீர், இரண்டு தே தாரிக் வந்தது.

"எதுக்கு மேடம் இவ்வளவு தூரம்? போன்லயே சொல்லியிருக்கலாமே."

யும்னா வரைவை அச்செடுத்து வந்திருந்தாள். மேசை மேல் விரித்து நான்காம் படியைக் காட்டினாள். விதி, வடிவமைப்பவர், எம்ஆர்டி எல்லாவற்றையும் சொன்னாள். அவர் நிதானமாகப் படித்தார். உதடு அசையப் படிக்கிறவர்.

"நான் கார்டப் பாத்து நனைக்கலீங்க," என்றார். "பழக்கம். கை தானா போயிரும்."

"கம்பெனிக்கு எழுதப் போறேன். தப்பு உங்களோடது இல்லன்னு."

"வேணாங்க."

"ஏன்? முப்பதாம் தேதி முடியுதுன்னு அர்ஜுன் சொன்னாரு."

"முடியட்டும்." டம்ளரை ஒரு சுற்று சுற்றினார். "மேனேஜரு ஏற்கெனவே சொல்லிட்டிருக்காரு, எதுக்குத் தமிழ்ல ஒரு கார்டு, எல்லாத்துக்கும் இங்கிலீஷே போதும்னு. நீங்க வேற எழுதிக் குடுத்தீங்கன்னா, தமிழ் கார்டாலதான் இத்தனையும்னு மொத்தத்தையும் தூக்கிருவாரு. எங்க ரூம்ல பன்னெண்டு பேரு. இங்கிலீஷ் படிக்கத் தெரிஞ்சவங்க ரெண்டு பேருதான்."

அவள் அறுபது அட்டைகளைக் கர்வத்தோடு செய்தாள். அவற்றைக் காப்பாற்ற இவர் இரண்டு வருஷத்தை விடத் தயாராக இருக்கிறார்.

வரைவை மறுபடி தன் பக்கம் இழுத்துக்கொண்டு அவரே கேட்டார். "அது என்னங்க வார்த்தை? அப்படி என்ன தேடுனீங்க?"

சொன்னாள். நீர்விரும்பி, நீர்நாட்டம், நீர்கவர், உமைரின் சொல்வரைக்கும். லென்ஸையும் சோப்பையும் சொன்னாள், டம்ளரைக் கவிழ்த்ததைச் சொன்னாள். அவர் அக்கறையாகக் கேட்டார். நீர்விரும்பி என்பதை வாய்க்குள் ஒரு தடவை சொல்லிப் பார்த்தார்.

"நல்லாத்தான் இருக்கு. ஆனா எதப் போட்டிருந்தாலும் சரிதாங்க. ஒரு இங்கிலீஷ் வார்த்தையே கெடந்திருந்தாக்கூட, இதென்ன இங்க கெடக்குதுன்னு நின்னு யாரையாச்சும் கேட்டிருப்பேன்."

சொல்லிவிட்டு நிறுத்தினார். கார்டைப் பார்க்கவே இல்லை என்று சற்று முன் சொன்னது அவருக்கு ஞாபகம் வந்துவிட்டது. யும்னாவுக்கும் வந்தது. இருவரும் தேயைக் குடித்தார்கள்.

[இந்த இடத்தில் யும்னா அழுதாள் என்று ஒரு வரி இருந்தது. அழவில்லை. கழிவறைக்குப் போய் முகம் கழுவிவிட்டு வந்தாள்.]

அவளுக்குச் சொற்கள் தெரியும், அதில் சந்தேகமில்லை. ஆனால் ஒரு சொல் அட்டையில் எதற்காக நிற்கிறது என்று அவளைவிட அவருக்குத் தெரிந்திருந்தது. அந்த மேசையில் அவர்மேல் வந்த மரியாதையை மறைத்து எழுத யும்னாவுக்கு விருப்பமில்லை. இவ்வளவு பெரிய மனிதரை அவள் சமீபத்தில் பார்க்கவில்லை. மூன்று நாள் பேசாமல் இருக்கிறவர் என்றாலும் சரி.

7

முடிவுகள்.

முதல் முடிவு. இருபத்தொன்பதாம் தேதி அர்ஜுன் போன் செய்கிறார், ரினியூ ஆகிவிட்டது. மருதப்பன் தேக்காவில் எல்லோருக்கும் பிரியாணி வாங்கித் தருகிறார். [யும்னாவுக்கு இதுதான் வேண்டும். வேண்டும் என்பதற்காக எழுத முடியுமா?]

இரண்டாவது. விமான நிலையம், அட்டைப்பெட்டி, கையசைப்பு. [இதை எழுதினால் நீங்கள் கலங்குவீர்கள், யும்னாவுக்கு நல்ல எழுத்தாளர் என்று பெயர் வரும். அவர் ஊருக்குப் போய் இவளுக்குப் பெயர் வர வேண்டாம்.]

மூன்றாவது. பத்து வருஷம் கழித்து யும்னா அந்தக் கட்டடத்தின் கீழ்த்தளத்துக்குப் போய் சுவரில் கை வைக்கிறாள். காய்ந்திருக்கிறது. அங்கே என்ன நடந்தது என்று யாருக்கும்... [முடிக்கவில்லை. சுவர் காய்ந்துதான் இருக்கும், அதில் அவளுக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் அது சுவரின் முடிவு, மனிதருடையதல்ல.]

டம்ளரிலிருந்த பட்டையை வெளியே எடுத்து வைத்து ஒரு வாரம் ஆகிறது. சுருங்கியிருக்கிறது. ஆனால் கோணிக்கொண்டு, பழைய வடிவத்துக்குத் திரும்பாமல். மருதப்பன் அன்று காலை செய்தது சரி என்பதற்கு யும்னாவின் மேசையில் இருக்கும் சாட்சி இதுதான்.

அவள் கடிதத்தை எழுதிவிட்டாள். கம்பெனிக்கு ஆங்கிலத்தில்தான் எழுத வேண்டியிருந்தது. அதில் யும்னா என்று மூன்றாம் ஆளாக ஒதுங்கி நிற்க வழியில்லை. விட்டவள் நான், சரிபார்த்தவளும் நான், தமிழ்மேல் தவறில்லை. உங்கள் ஆள் அட்டையை நம்பி நடந்தார், நடந்தது தவறு என்று தெரிந்ததும் யாரும் கேட்கும்முன் சொன்னார். அட்டையை எடுக்காதீர்கள், வரியைச் சேருங்கள். வரைவையும் இணைத்தாள், தான் போட்ட ஓகேயையும் இணைத்தாள். அனுப்பும்முன் போனில் மருதப்பனிடம் தமிழில் வாசித்துக் காட்டினாள்.

"தமிழ் கார்டு மேல பழி இல்லேல்ல?"

"இல்ல. எம்மேலதான்."

"அப்படின்னா சரிங்க."

புது அட்டைக்கான நான்காம் படியும் கடிதத்தோடு போயிருக்கிறது. பழைய காங்கிரீட்டை நன்றாக நனைக்கவும். நீர்விரும்பிப் பட்டை ஒட்டிய இடத்தில் நனைக்கக் கூடாது. சொல்லை யும்னா தேர்ந்தெடுக்கவில்லை. அன்று தேக்காவில் அவர் வாய்க்குள் சொல்லிப் பார்த்தது அதுதான், அதையே வைத்துவிட்டாள்.

இன்று இருபத்திரண்டாம் தேதி. பதில் வரவில்லை. இந்தக் கதையைக் கேட்ட இதழுக்கு இன்றுதான் கெடு. நீங்கள் படிக்கும்போது முப்பது தாண்டியிருக்கும், என்ன ஆயிற்று என்று சிங்கப்பூரில் சிலருக்குத் தெரிந்திருக்கும். யும்னாவுக்கு இப்போது தெரியாது, தெரியாததை எழுத மாட்டாள்.

இதழை வடிவமைப்பவருக்கு ஒரு வார்த்தை: சதுர அடைப்பை நீக்கும் பழைய விதி இங்கே ரத்து. கீழே இருப்பதை எடுத்துவிடாதீர்கள். வாசிப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை: இதென்ன இங்கே கிடக்கிறது என்று நின்று, யாரையாவது கேளுங்கள்.

[மருதப்பன் – பெர்மிட் – முடிவு பிறகு]